வண்டியைப் பிடிப்பது வேறு, பறிப்பது வேறு

(மணல் வழக்குகளில் பிடிபடும் வண்டிகள் குறித்து, இயக்கத் தோழர்களும் சட்டக் கல்லூரி மாணவர்களும் கூடிய பயிலரங்கு ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சு நடை பல இடங்களில் அப்படியே விடப்பட்டுள்ளது.)



மணல் வண்டிகளைப் பற்றிப் பேசப் போகிறேன் என்று சொன்னதுமே ஒரு தோழர் கேட்டார்: ‘ஏன் தோழர், மணல் திருடுறவனுக்கு நாம வக்காலத்து வாங்கணுமா?’ கேட்க வேண்டிய கேள்விதான். அதற்குப் பதில் சொல்லாமல் நான் மேலே பேசக் கூடாது.

ஆற்றில் மணல் போனால் அடுத்ததாகப் போவது தண்ணீர். யாருடைய தண்ணீர் முதலில் போகும்? போர் வைத்திருக்கிறவர் இன்னும் நூறடி இறக்கிக்கொள்வார். மோட்டாரை மாற்றிக்கொள்வார். கோடையில் ஆற்றுக்குள் இறங்கி, கையால் ஊற்று பறித்து, அது ஊறுகிற வரைக்கும் குந்தியிருந்து, கிண்ணத்தால் மொண்டு குடத்தை நிரப்புகிற நம்ம பொம்பளைங்களுக்கு அந்த வசதி கிடையாது. மணல் இருந்தால்தான் ஊற்று. மணலை வழித்துக் களிமண் தெரிகிற இடத்தில் எதைப் பறிப்பது? பல ஊர்களில் சேரியின் சுடுகாடு ஆற்றங்கரையில்தான் இருக்கிறது. கரை சரிந்தால் நம்ம பாட்டன் எலும்புதான் முதலில் வெளியே வரும்.

2018 ஆகஸ்ட்டில் கொள்ளிடத்தில் வெள்ளம் வந்தபோது முக்கொம்பு மேலணையில் ஒன்பது மதகுகள் உடைந்து போயின. திருச்சியில் பழைய இரும்புப் பாலம் சரிந்தது. வரம்பில்லாமல் மணல் அள்ளியது அதற்கு ஒரு காரணம் என்று விவசாயிகள் அன்றைக்கே சொன்னார்கள். தாமிரபரணியில் மணல் அள்ளுவதை எதிர்த்து 2010இல் தோழர் நல்லகண்ணு மதுரைக் கிளையில் வழக்குப் போட்டு, தானே நின்று வாதாடினார். ஐந்தாண்டுத் தடை வந்தது. அதே ஆற்றங்கரையில், தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில், மணல் கடத்தல் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலரை 2023 ஏப்ரலில் அவருடைய அலுவலகத்துக்குள்ளேயே புகுந்து வெட்டிக் கொன்றார்கள்.

ஆகவே மணல் கொள்ளை நமக்குப் பகை. இதில் இரண்டாம் பேச்சு கிடையாது. என்னுடைய கேள்வி இதுதான்: கொள்ளையைத் தடுக்கிறோம் என்று அரசு கையில் எடுக்கிற ஆயுதம் யார் தலையில் விழுகிறது? எந்த முறைப்படி விழுகிறது?

முதலில் ஒரு சொல்லைச் சரிசெய்துகொள்வோம். பத்திரிகையைத் திறந்தால் அடிக்கடி ஒரு செய்தி: ‘மணல் கடத்தல், மாட்டுவண்டி பறிமுதல்.’ ‘டிராக்டர் பறிமுதல், டிரைவர் கைது.’ அந்த ராத்திரி நடந்தது பறிமுதல் இல்லை தோழர்களே. கைப்பற்றுதல். விசாரணைக்காக, சாட்சியத்துக்காக, ஒரு பொருளைத் தற்காலிகமாக அரசு தன் வசத்தில் எடுப்பதுதான் கைப்பற்றுதல். அப்போதும் வண்டி வண்டிக்காரனுடையதுதான். பறிமுதல் என்பது அந்த உடைமையை அவனிடமிருந்து நிரந்தரமாக எடுத்து அரசுக்குச் சேர்த்துவிடுவது. மணல் வழக்கில் முதலாவதை அதிகாரி செய்யலாம். இரண்டாவதை நீதிமன்றம்தான் செய்ய முடியும். இரண்டுக்கும் நடுவில் புகார், நோட்டீஸ், விசாரணை, தீர்ப்பு என்று நெடுந்தூரம் இருக்கிறது. பத்திரிகைக்காரர் அந்தத் தூரத்தை ஒரே சொல்லில் தாண்டிவிடுகிறார். பத்திரிகையை மட்டும் சொல்லி என்ன? ஸ்டேஷனிலும் தாலுக்கா ஆபீசிலும் இதே பேச்சுதான்: ‘வண்டி பறிமுதல் ஆயிடுச்சி, போய் கோர்ட்ல பாத்துக்க.’ கேட்கிறவன் நம்பிவிடுகிறான். வண்டி போச்சு என்று தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிடுகிறான். சட்டம் எடுக்காத வண்டியை ஒரு சொல் எடுத்துவிடுகிறது.

சட்டத்தில் என்னதான் இருக்கு, பார்ப்போம். மாணவர்கள் குறித்துக்கொள்ளுங்கள்.

அடிப்படைச் சட்டம் 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டம். 1999இல் அதில் 4(1ஏ) என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். அனுமதியின்றிக் கனிமத்தை ஏற்றிச் செல்வதும் இருப்பு வைப்பதும் குற்றம் ஆனது. அதாவது நடைச்சீட்டு இல்லாமல் மணல் ஏற்றினாலே குற்றம். 21(1)ஆம் பிரிவு தண்டனையைச் சொல்கிறது. முன்பு இரண்டு ஆண்டுவரை சிறை அல்லது 25,000 ரூபாய்வரை அபராதம், அல்லது இரண்டும் என்று இருந்தது. 2015இல் திருத்தினார்கள். இப்போது ஐந்தாண்டுவரை சிறை. அதோடு ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய்வரை அபராதம். ஹெக்டேர் கணக்கில் அபராதம் என்றால் இதை எழுதியவர் மனதில் இருந்தது மலையை விழுங்குகிற கம்பெனி. மாட்டுவண்டி எத்தனை ஹெக்டேர்? ஆனாலும் அந்தப் பிரிவுதான் மாட்டுவண்டிக்காரன் மேலும் பாய்கிறது.

21(4) கைப்பற்றுகிற அதிகாரம். கனிமம், கருவி, எந்திரம், வண்டி எதையும் கைப்பற்றலாம். ஆனால் அதற்கென்று அதிகாரம் கொடுக்கப்பட்டவர் மட்டுமே. 21(4ஏ) பறிமுதல். குற்றத்தை விசாரணைக்கு எடுத்துக்கொள்ளும் தகுதியுள்ள நீதிமன்றத்தின் உத்தரவால் பறிமுதலுக்கு உள்ளாகும் என்று அது சொல்கிறது. பறிமுதல் செய்யத் தகும் என்பதுதான் இதன் பொருள். பிடிபட்ட ஒவ்வொரு வண்டியையும் பறித்தே தீர வேண்டும் என்று அதில் எழுதியில்லை. நீதிபதி யோசித்துச் செய்ய வேண்டிய காரியம் அது.

இப்போ முக்கியமான பிரிவு, 22. அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்து மூலம் புகார் கொடுத்தால் ஒழிய, இந்தச் சட்டத்தின் கீழ் எந்த நீதிமன்றமும் வழக்கை எடுத்துக்கொள்ள முடியாது. போலீஸ் எப்.ஐ.ஆர். போடலாம், ஆளைப் பிடிக்கலாம், வண்டியைப் பிடிக்கலாம். ஆனால் 22இன்படி அந்த எழுத்துப் புகார் கோர்ட்டுக்கு வராத வரை கனிமச் சட்ட வழக்கே பிறக்கவில்லை. அந்தப் புகாரை எத்தனை நாளுக்குள் கொடுக்க வேண்டும்? அதற்கு அந்தப் பிரிவில் கெடு கிடையாது. நான் கீழ்க்கோர்ட்டில் பார்த்த பல வழக்குகளின் உயிர்நாடி இந்த ஒரு ஓட்டைதான். வழக்கு இல்லை, வழக்குச் சொத்து மட்டும் ஸ்டேஷன் வாசலில் வேப்பமரத்தடியில் நிற்கிறது. மாசம் போகுது, மழை போகுது. டயரில் புல் முளைக்கிறது. பேட்டரி யார் கையோடு போனதோ தெரியாது. கடைசியில் விடுதலை ஆகி வந்து பார்க்கிறவனுக்கு எடைக்குப் போடத்தான் மிச்சம் இருக்கிறது. தீர்ப்பே இல்லாமல் தண்டனை முடிந்துவிட்டது.

இதோடு திருட்டுக் குற்றமும் சேரும். கனிமச் சட்டம் இருப்பதால் திருட்டு வழக்குப் போடத் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2014இல் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்கில் சொல்லிவிட்டது. 2020இல் ஜெயந்த் வழக்கில் இன்னொன்றும் சொன்னது: அபராதம் கட்டிச் சமரசம் செய்துகொண்டால் கனிமச் சட்ட நடவடிக்கை நிற்கும், திருட்டு வழக்கு நிற்காது. ஆக, ஆர்.டி.ஓ. சொன்ன அபராதத்தைக் கடன் வாங்கிக் கட்டியவன், எல்லாம் முடிந்தது என்று வீட்டுக்குப் போனால், கோர்ட் சம்மன் பின்னாலேயே வரும். ஆற்று மணல் பொதுச்சொத்து, அதை எடுப்பது திருட்டு என்பதில் நமக்குச் சண்டை இல்லை. ஒரே கால் யூனிட் மணலுக்கு ஒருத்தன் எத்தனை வாசலில் நிற்க வேண்டும் என்பதுதான் நம் கேள்வி.

இங்கே அண்ணலை நினைத்துக்கொள்ள வேண்டும். அரசியல் நிர்ணய சபையில் 21ஆம் பிரிவில் ‘சட்டம் வகுத்த நடைமுறை’ என்ற சொற்கள் இடம்பெற்றன. வெறும் நடைமுறை போதாது, நியாயமான நடைமுறை வேண்டும் என்று பலர் வாதாடினார்கள். அந்தக் குறையை ஈடுகட்ட 1949 செப்டம்பரில் அம்பேத்கர் 15ஏ என்ற புதிய பிரிவைக் கொண்டுவந்தார். அதுதான் இன்றைய 22ஆம் பிரிவு. கைதானவனுக்குக் காரணம் சொல்லு, வக்கீல் வைத்துக்கொள்ள விடு, 24 மணி நேரத்துக்குள் நீதிபதி முன் நிறுத்து. ஸ்டேஷனில் அடிவாங்கிச் செத்தவர்களில் நம் ஆட்கள் எத்தனை பேர் என்பது நமக்குத் தெரியும். அந்த 24 மணி நேரம் என்ற கெடுவின் அருமை நமக்குத் தெரிந்த அளவு வேறு யாருக்கும் தெரியாது.

மனுசனுக்கு 24 மணி நேரம். அவன் பிழைக்கிற வண்டிக்கு?

சொத்துரிமை என்றாலே நமக்குக் கசப்பு உண்டு. நிலச்சீர்திருத்தத்துக்குக் குறுக்கே நின்ற உரிமை அது. 1978இல் 44ஆவது திருத்தத்தில் அதை அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து எடுத்தபோது நாம் யாரும் அழவில்லை. ஆனால் 300ஏ என்ற பிரிவை வைத்துவிட்டுத்தான் எடுத்தார்கள். சட்டத்தின் அதிகாரமின்றி யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது. பண்ணையாருக்கு இந்தப் பிரிவு தேவைப்படாது. அவருக்குத் தாசில்தாரே போதும். நம்மிடம் பஞ்சமி நிலம் என்று இருந்தது, அதுவும் பெரும்பாலும் கைமாறிப் போச்சு. இப்போ நம்மாளு சொத்து என்று எதைக் காட்டுவான்? ஒரு சோடி மாடு, ஒரு வண்டி. கொஞ்சம் மேலே வந்தவன் என்றால் தாட்கோ கடனில் எடுத்த டிராக்டர், பைனான்சில் எடுத்த மினி லாரி. இந்த 300ஏவை நாம் கையில் எடுக்காமல் யார் எடுப்பது?

அந்த டிராக்டரின் கதையைக் கொஞ்சம் விரித்துப் பார்ப்போம். கடனில் வண்டி எடுத்த பையனுக்கு உழவு ஓட்டம் வருசத்தில் சில மாசம்தான். டியூ மாசாமாசம் வரும். ஊர்க்காரர் ஒருத்தர் கூப்பிடுகிறார்: ‘ராத்திரி நாலு லோடு அடிச்சுக் குடுடா, டீசல் போக இவ்வளவு தரேன்.’ மணல் யாருக்கு? அவருக்கு. யார்டு யாருடையது? அவருடையது. வி.ஏ.ஓ.வுக்கும் ஸ்டேஷனுக்கும் சொல்லிவிட்டேன் என்று சொன்னது யார்? அவர்தான். வண்டி பிடிபட்ட அன்றைக்கு எப்.ஐ.ஆரில் யார் பெயர்? ஏ1 டிரைவர், ஏ2 வண்டி ஓனர். ரெண்டும் நம்ம பையனே. அவர் பெயர் அதில் இருக்காது. வண்டி ஸ்டேஷனில் நிற்க, டியூ நிற்காது. வட்டி நிற்காது. மூணு தவணை போனால் கடன் கொடுத்தவன் ஜாமீன் போட்ட தாய்மாமன் வீட்டு வாசலில் வந்து நிற்பான். அடுத்த தடவை நம் தெருவில் ஒருத்தன் கடனுக்கு எழுதிப் போட்டால், ‘உங்க ஆளுங்களுக்குக் குடுத்தா இப்படித்தான்’ என்ற பேச்சையும் சேர்த்துக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

மாட்டுவண்டிக் கதை இன்னும் பழையது. கொள்ளிடக் கரையில் வண்டி வைத்துப் பிழைத்தவர்கள் நெல் ஏற்றினார்கள், எரு அடித்தார்கள், வீடு கட்ட மணல் அடித்தார்கள். 2003இல் தமிழ்நாடு சிறு கனிமச் சலுகை விதிகளில் 38ஏ என்ற விதி வந்தது. ஆற்று மணலை இனி அரசு மட்டுமே அள்ளும் என்றார்கள். தனியார் குத்தகையை ஒழித்ததால் அதை நாமும் வரவேற்றோம். நடைமுறையில் குவாரியில் ஏற்றிவிடுகிற வேலை ஒப்பந்தக்காரர் கைக்குப் போனது. லாரிக்குப் பாதை போட்டார்கள். மாட்டுவண்டிக்குத் தனிக் குவாரி கொடு என்று வண்டித் தொழிலாளர்கள் திருச்சியிலும் தஞ்சையிலும் கரூரிலும் திரும்பத் திரும்பப் போராட வேண்டியிருந்தது. சில இடத்தில் திறப்பார்கள், கொஞ்ச நாளில் மூடுவார்கள். மூடினால் அதுவரை தொழிலாளி, மறுநாள் காலையில் கடத்தல்காரன். ஆள் அதேதான், மாடும் அதேதான். வண்டியைப் பிடிக்கிற அன்றைக்கு ‘மாட்ட ஓட்டிக்கிட்டுப் போ, வண்டிய விடு’ என்பார்கள். மாட்டுக்குத் தீனி போட அரசிடம் தலைப்பு இல்லையே. வண்டி இல்லாத மாட்டை எத்தனை நாள் கட்டித் தீனி போடுவான்? அதுவும் சந்தைக்குப் போகும்.

‘எல்லாரையும்தானே பிடிக்கிறாங்க, லாரியையும்தானே பிடிக்கிறாங்க’ என்று ஒரு அதிகாரி என்னிடம் சொன்னார். பிடிக்கிறார்கள்தான். ஆனால் எந்த இடத்தில் பிடிக்கிறார்கள் என்று கவனியுங்கள். ரோட்டில் பிடிக்கிறார்கள். ஆற்றுக்குள் பொக்லைன் நிற்கிற இடத்தில் பிடிப்பது குறைவு. மணல் குவித்திருக்கிற யார்டில் பிடிப்பது அதைவிடக் குறைவு. ரோட்டில் மாட்டுவதெல்லாம் ஓட்டுகிறவன், ஏற்றுகிறவன், வாடகை வண்டிக்காரன். சங்கிலியில் கடைசிக் கண்ணியை மட்டும் அறுத்தால் சங்கிலிக்கு ஒன்றும் ஆகாது. மறுநாள் வேறு ஒரு பையன், வேறு ஒரு டிராக்டர்.

மற்ற சட்டங்களோடு ஒப்பிட்டுப் பார்த்தால் இந்த அநியாயம் இன்னும் தெளிவாகத் தெரியும். ரேஷன் அரிசி கடத்துகிற லாரி இருக்கிறது. அது 1955ஆம் ஆண்டின் அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தில் வரும். அதில் 6பி என்ற பிரிவு இருக்கு. உரிமையாளருக்கு எழுத்து மூலம் நோட்டீஸ் கொடுக்காமல், அவர் பதிலைக் கேட்காமல், பறிமுதல் செய்யக் கூடாது. தனக்குத் தெரியாமல் நடந்தது, தான் வேண்டிய எச்சரிக்கையோடு இருந்தேன் என்று அவர் நிரூபித்தால் வண்டியைப் பறிக்கக் கூடாது. 6ஏ பிரிவில் இன்னொரு வழியும் உண்டு. வாடகைக்கு ஓடுகிற வண்டியாக இருந்தால், பறிமுதலுக்குப் பதிலாக அபராதம் கட்டிக்கொள்ள உரிமையாளருக்கு வாய்ப்புத் தர வேண்டும். அந்த அபராதமும் ஏற்றியிருந்த பண்டத்தின் சந்தை விலைக்கு மேல் போகக் கூடாது. மாட்டுவண்டி போன்றவற்றையும் மனதில் வைத்து, வண்டி என்பதோடு விலங்கு என்ற சொல்லையும் அந்தச் சட்டம் சேர்த்தே சொல்கிறது. கஞ்சா கடத்துகிற காருக்குக்கூட 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டம் 60ஆம் பிரிவில், தெரியாமல் நடந்தது என்று உரிமையாளர் நிரூபிக்க இடம் கொடுத்திருக்கிறது.

கனிமச் சட்டத்தின் 21(4ஏ)வில் இந்தப் பாதுகாப்பு எதையும் எழுதி வைக்கவில்லை. நோட்டீஸ் பற்றி ஒரு வரி இல்லை. தெரியாமல் நடந்தால் என்ன என்று ஒரு வரி இல்லை. மணலின் விலைக்கும் வண்டியின் விலைக்கும் உள்ள விகிதம் பற்றி ஒரு வரி இல்லை. கால் யூனிட் மணலுக்காக, அதைப் போலப் பல மடங்கு விலையுள்ள வண்டியை இழக்க வேண்டும் என்றால், தண்டனைக்கும் குற்றத்துக்கும் என்ன பொருத்தம்? எழுதி வைக்கவில்லை என்பதால் இல்லாமல் போய்விடாது. கேட்காமல் பறிக்காதே என்பது இயற்கை நீதி. அந்த வாதத்தைக் கோர்ட்டில் நாம்தான் எடுத்து வைக்க வேண்டும்.

கோர்ட்டுகள் என்ன சொல்லியிருக்கின்றன? 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் பிடிபட்ட வண்டிகளை ஸ்டேஷனில் நீண்ட நாள் போட்டு வைப்பதில் பயனில்லை என்றது. போட்டோ எடு, விவரக் குறிப்பு எழுது, தேவையான பிணை வாங்கு, கொடுத்து அனுப்பு என்றது. 2018 அக்டோபர் 29இல் மதுரைக் கிளையின் இரு நீதிபதிகள் அமர்வு மணல் வழக்குகளில் எதிர்த் திசையில் போனது. மணல் கடத்தலில் பிடிபட்ட வண்டிகளை விடுவிக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்றது. அன்றைக்கு ஆறுகள் இருந்த நிலையில் நீதிபதிகளின் கோபம் நமக்குப் புரிகிறது. அதன் பிறகு நிபந்தனையோடு விடுவித்த உத்தரவுகளும் வந்தன, மறுத்த உத்தரவுகளும் வந்தன. இதில் பெரிய வண்டிக்காரர் சென்னைக்கோ மதுரைக்கோ போய் ரிட் போட்டு ஒரு உத்தரவு வாங்கி வந்துவிடுவார். மாட்டுவண்டிக்காரன் வண்டி விலையை வக்கீல் பீசாகக் கொடுத்தா வண்டியை மீட்பான்?

பெரியவர்கள் என்றதும் இதையும் சொல்ல வேண்டும். 2023 செப்டம்பரில் அமலாக்கத் துறை தமிழ்நாட்டு மணல் ஒப்பந்தக்காரர்களின் இடங்களில் சோதனை போட்டது. 28 இடங்களை ஆய்வு செய்ததில் 4,730 கோடி ரூபாய் மதிப்புள்ள மணல் அள்ளப்பட்டிருக்கிறது, அரசுக்குக் கணக்கில் வந்த வருமானம் 36.45 கோடி என்று அந்தத் துறை சொன்னது. அந்தக் கணக்கு சரியா தவறா என்பது நிரூபிக்கப்பட வேண்டிய விஷயம். 2024 ஜூலையில் சென்னை உயர்நீதிமன்றம் ஒப்பந்தக்காரர்கள் மீதான அந்த நடவடிக்கைகளை ரத்து செய்தது. கனிமச் சட்டக் குற்றம் பணமோசடித் தடுப்புச் சட்டத்தின் அட்டவணையில் இல்லை, அதிகாரம் இல்லாத இடத்தில் சொத்தை முடக்க முடியாது என்பது அதன் சாரம்.

அந்தத் தீர்ப்பைப் பார்த்துச் சில தோழர்கள் கொதித்தார்கள். எனக்கு வேறு மாதிரித் தோன்றுகிறது. அதிகாரம் இருக்கிறதா என்று முதலில் கேள், நடைமுறை சரியா என்று பார், அதன் பிறகு சொத்தில் கை வை: இது நல்ல சட்டம். இதே சட்டம் வேப்பமரத்தடியில் நிற்கிற மாட்டுவண்டிக்கு ஏன் வரவில்லை என்பதில்தான் நமக்குக் கோபம் வர வேண்டும். அவர்களுக்குக் கிடைத்ததைப் பறி என்று நாம் கேட்க வேண்டாம். எங்களுக்கும் அதே அளவுகோலைக் கொண்டுவா என்று கேட்போம்.

இனி, ஒரு வண்டி பிடிபட்டால் தோழர்கள் என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிவிடுகிறேன்.

முதல் நாளே மகஜர் நகல் கேளுங்கள். எந்த இடம், எத்தனை மணி, எவ்வளவு மணல், யார் சாட்சி, பிடித்த அதிகாரி யார். அவருக்கு 21(4)இன்படி அதிகாரம் உண்டா என்று பாருங்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடவே கூடாது. வண்டியில் டயர் எத்தனை, பேட்டரி உண்டா, எந்த நிலையில் இருந்தது என்று எழுதச் சொல்லுங்கள். எழுத மறுத்தால் நாமே போட்டோ எடுத்து, தேதி போட்டுப் பதிவுத் தபாலில் மனுவாக அனுப்புவோம்.

அடுத்து, வண்டி பற்றிய தகவல் நீதிமன்றத்துக்குப் போய்ச் சேர்ந்ததா என்று விசாரியுங்கள். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. பழைய 451ஆம் பிரிவு இப்போது 497, பழைய 457 இப்போது 503. இந்தப் புதுச் சட்டத்தின் மேல் நமக்கு நூறு விமர்சனம் உண்டு. ஆனால் 497இல் நமக்குப் பயன்படுகிற ஒன்று இருக்கிறது. சொத்து நீதிமன்றத்தில் காட்டப்பட்டதிலிருந்து 14 நாளுக்குள் அதன் விவர அறிக்கையைத் தயாரிக்க வேண்டும். போட்டோவோ வீடியோவோ எடுக்க வேண்டும். அதிலிருந்து 30 நாளுக்குள் சொத்தை என்ன செய்வது என்று உத்தரவிட வேண்டும். கனிமச் சட்டத்தில் கெடு இல்லை, பொதுச் சட்டத்தில் கெடு வந்திருக்கிறது. கனிமச் சட்டம் இடைக்காலப் பொறுப்பைப் பற்றி வாய் திறக்காத இடத்தில் பொதுச் சட்டம்தான் பேச வேண்டும் என்று வாதாடுங்கள். அந்தக் கெடு ஓட ஆரம்பிக்க வேண்டுமானால் வண்டியை நீதிமன்றத்தின் கணக்கில் கொண்டுவர வேண்டும். ஸ்டேஷன் கணக்கிலேயே கிடந்தால் எந்தக் கடிகாரமும் ஓடாது.

பிரிவு 22இன் கீழ் புகார் தாக்கலானதா என்று எழுத்து மூலம் கேளுங்கள். ஆகவில்லை என்றால் அதையே மனுவில் முதல் காரணமாக வையுங்கள். வண்டி ஓனரும் டிரைவரும் வேறு வேறு ஆள் என்றால், ஓனருக்குத் தெரியுமா என்ற கேள்வியைத் தனியாக எழுப்புங்கள். கடன் பத்திரம், டியூ ரசீது, ஆர்.சி. புத்தகம் எல்லாம் வையுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லை என்றால், 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 12ஆம் பிரிவு இருக்கிறது. பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி தர வேண்டும். இது சலுகை இல்லை, உரிமை. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போய் எழுதிக் கொடுங்கள்.

‘விட்டா மறுநாளே திரும்ப அள்ளுவான்’ என்பார்கள். சில பேர் அள்ளுவார்கள், இல்லை என்று சொல்ல மாட்டேன். அதற்காகத்தான் பிணைப் பத்திரம். கேட்கும்போது வண்டியைக் கொண்டுவா, விற்காதே, மறுபடி மணலுக்கு ஓட்டாதே என்று நிபந்தனை போடலாம். மீறினால் பறிமுதலுக்கு அதைவிட நல்ல காரணம் என்ன வேண்டும்? முதல் தடவை மாட்டியவனையும், பத்துத் தடவை மாட்டியவனையும், பொக்லைன் வைத்து ஆற்றையே பெயர்த்தவனையும் ஒரே தராசில் நிறுத்தாதே என்றுதான் கேட்கிறோம்.

இயக்கமாக நாம் வைக்க வேண்டிய கோரிக்கைகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். வண்டியைப் பிடித்தால் குறித்த நாளுக்குள் புகார் தாக்கல் செய், இல்லையேல் பிணையில் வண்டியைக் கொடு என்று சட்டத்திலேயே எழுத வேண்டும். நோட்டீசும் விசாரணையும் இல்லாமல் பறிமுதல் இல்லை என்பதை அத்தியாவசியப் பண்டங்கள் சட்டத்தில் உள்ளதைப் போல எழுத வேண்டும். மாட்டுவண்டிக்கும் சிறு வாடகை வண்டிக்கும் மணல் விலைக்கேற்ற அபராதம் என்ற மாற்று வழி வேண்டும். எந்த வண்டியைப் பிடித்தாலும் மணல் யாருடைய யார்டுக்குப் போனது என்பதைக் குற்றப்பத்திரிகையில் சொல்ல வேண்டும். ஆறு தாங்குகிற இடத்தில், தாங்குகிற அளவில், மாட்டுவண்டிக்கு நிலையான அனுமதி வேண்டும். தாங்காத இடத்தில் யாருக்கும் வேண்டாம், அரசுக்கும் வேண்டாம்.

கோரிக்கை வைத்தால் போதாது, கையில் கணக்கு வேண்டும். மாணவர்களுக்கு ஒரு வேலை தருகிறேன். ஒவ்வொருவரும் உங்கள் தாலுக்காவை எடுத்துக்கொள்ளுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் தாலுக்கா ஆபீசுக்கும் காவல்துறைக்கும் கனிமவளத் துறைக்கும் ஆளுக்கு ஒரு மனு போடுங்கள். கடந்த மூன்று வருசத்தில் மணலுக்காகப் பிடித்த மாட்டுவண்டி எத்தனை, டிராக்டர் எத்தனை, லாரி எத்தனை, பொக்லைன் எத்தனை? ஒவ்வொன்றுக்கும் புகார் தாக்கலான தேதி என்ன? விடுவித்தது எத்தனை, கோர்ட் பறிமுதல் செய்தது எத்தனை, இன்னும் வெயிலில் நிற்பது எத்தனை? 30 நாளில் பதில் சொல்லியாக வேண்டும். சொல்லவில்லை என்றால் மேல்முறையீடு செய்யுங்கள். வந்த பதில்களை அடுத்த கூட்டத்துக்குக் கொண்டுவாருங்கள். யார் தலையில் விழுகிறது என்று நான் இங்கே சொன்னது சரியா என்பதை அந்தக் காகிதங்களை வைத்து நாம் சேர்ந்து பார்ப்போம். அதைக் கையில் வைத்துக்கொண்டு கலெக்டர் ஆபீசுக்குப் போவோம்.

ஜெய்பீம்.